சுவரில் இல்லாத துப்பாக்கி

கம்பம் பள்ளத்தாக்கில், மேகமலையின் அடிவாரத்தை ஒட்டிய சிற்றூர் ஒன்றில் ஒரு மாலைப்பொழுது. பழைய ஓட்டுவீடு ஒன்றின் திண்ணையில் நாம் அமர்ந்திருந்தோம். பேச்சு மழையைப் பற்றியும் வாழை விலையைப் பற்றியும் சுற்றிவந்து, இறுதியில் காட்டுப்பன்றியில் வந்து நின்றது. வீட்டுப் பெரியவர் உள்ளே சென்று, மஞ்சள் பையில் பொதிந்து வைத்திருந்த ஒரு சிறு புத்தகத்தைக் கொண்டுவந்து நம் கையில் கொடுத்தார். அவருடைய தந்தையார் காலத்திலிருந்து அக்குடும்பத்தில் இருந்துவரும் துப்பாக்கிக்கான உரிமப் புத்தகம் அது. குழலின் வாய்வழியே கருமருந்தும் ஈயமும் கெட்டித்துச் சுடும் பழைய வகைத் துப்பாக்கி. பயிர்ப் பாதுகாப்புக்கென்று வழங்கப்பட்டது. ஏட்டுக்கு ஏடு புதுப்பித்த முத்திரைகள். மாறிமாறி வந்த அலுவலர்களின் கையொப்பங்கள்.

துப்பாக்கியைக் காணலாமா என்று கேட்டோம். அவர் கூடத்துச் சுவரைக் காட்டினார். இரண்டு மரமுளைகள் மட்டுமே அங்கே இருந்தன. தேர்தல் அறிவிப்பு வந்துவிட்டபடியால், துப்பாக்கி காவல் நிலையத்தில் ஒப்படைக்கப்பட்டிருந்தது.

"ஓட்டுப் போட நம்புறாங்க தம்பி, ஓட்டு முடியிற வரைக்கும் இதை வச்சிருக்க நம்ப மாட்டேங்குறாங்க" என்று சொல்லிச் சிரித்தார் பெரியவர்.

அச்சிரிப்பில் கோபம் இல்லை. ஆயினும் அவர் சொன்ன 'நம்புறாங்க' என்ற சொல் நம்மைத் தொடர்ந்து வந்தது. ஒரு குடிமகனின் கையில் துப்பாக்கி இருக்கலாமா என்று அரசு முடிவு செய்யும்போது, அவன் நம்பத்தக்கவனா என்பதையே அது முதலில் முடிவு செய்கிறது. ஆகவே துப்பாக்கி உரிமத்தின் வரலாறு, ஆட்சியாளர் யாரை நம்பினர், யாரை ஐயுற்றனர் என்பதன் வரலாறுமாகும். அந்த வரலாற்றை நம் பள்ளத்தாக்கிலிருந்தே நோக்குவது பயன் தரும் என்று எண்ணுகிறோம்.

பாளையங்களின் காலம்

இன்று தேனி மாவட்டம் என வழங்கும் இப்பகுதி 1996-ஆம் ஆண்டில்தான் மதுரை மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்டது. இரு நூற்றாண்டுகளுக்கு முன்னர் இது திண்டுக்கல் சீமையைச் சேர்ந்திருந்தது. கம்பம், கூடலூர், தேவாரம், போடிநாயக்கனூர், எரசக்கநாயக்கனூர், கண்டமநாயக்கனூர் எனப் பள்ளத்தாக்கு நெடுகிலும் பாளையங்கள் இருந்தன. பாளையக்காரர் வரி தண்டினார், வழக்குத் தீர்த்தார், காவலும் செய்தார். ஊர்க்காவலுக்குத் தலக்காவல் என்றும், வட்டாரக் காவலுக்குத் தேசகாவல் என்றும் பெயர். அக்காவலுக்கு ஈடாக மக்கள் நெல்லாகவும் பணமாகவும் காவற்கூலி செலுத்தினர். வேலும் வாளும் வளரியும் துப்பாக்கியும் அன்றைய ஊர் வாழ்வில் மறைத்து வைக்கவேண்டிய பொருள்களாக இருக்கவில்லை. காவல் கடமையோடு கூடியவையாகவே அவை விளங்கின.

1792-ஆம் ஆண்டின் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி திண்டுக்கல் சீமை திப்பு சுல்தானிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்கு மாறியது. அடுத்த பத்தாண்டுகளில் தென்தமிழகம் போர்க்களமாயிற்று. விருப்பாட்சி கோபால நாயக்கர், சிவகங்கை மருது சகோதரர்கள் ஆகியோர் தலைமையில் எழுந்த கிளர்ச்சி 1801-இல் ஒடுக்கப்பட்டது. மருது சகோதரர்கள் அவ்வாண்டு அக்டோபர் 24-ஆம் நாள் திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்டனர். சில வாரங்களே கழிந்த நிலையில், டிசம்பர் 1-ஆம் நாள், சென்னை ஆளுநர் எட்வர்டு கிளைவ் ஓர் அறிக்கை வெளியிட்டார். பாளையக்காரர்களின் கோட்டைகள் இடிக்கப்படும்; ஆயுதங்கள் ஒப்படைக்கப்பட வேண்டும்; இனி எவரும் ஆயுதம் தாங்கலாகாது என்பன அதன் சாரம்.

இந்நிகழ்ச்சியை நாம் விடுதலைப் போராட்ட வரலாற்றின் ஒரு பக்கமாகவே பெரும்பாலும் படித்திருக்கிறோம். அதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. ஆயுதங்களைப் பறித்த கம்பெனி, பாளையக்காரர்களின் காவல் உரிமையையும் பறித்தது. காவற்கூலியையும் தன் வருவாயாக்கிக்கொண்டது. அதாவது, உயிரையும் உடைமையையும் காக்கும் பொறுப்பு இனி தன்னுடையதே என்று அது ஏற்றுக்கொண்டதாகவே பொருள். மக்கள் ஆயுதத்தைக் கொடுத்தனர்; அதற்கு ஈடாகக் காவலைப் பெறவேண்டியவராயினர். எழுதப்படாத இந்த உடன்படிக்கையை வாசகர்கள் நினைவில் இருத்த வேண்டுகிறோம். பின்வரும் செய்திகளையெல்லாம் அதைக்கொண்டே நாம் அளக்கப்போகிறோம்.

1878: விலக்கும் விலங்கும்

1857-ஆம் ஆண்டின் பெருங்கிளர்ச்சி வடநாட்டில் நிகழ்ந்தது. எனினும் அதன் அச்சம் ஆட்சியாளரை விட்டு அகலவில்லை. 1860-இல் ஆயுதங்கள் பற்றிய ஒரு சட்டம் வந்தது. பின்னர் லிட்டன் பிரபு அரசப் பிரதிநிதியாக இருந்த 1878-இல், நாடு முழுவதற்குமான இந்திய ஆயுதச் சட்டம் வந்தது. தாய்மொழி இதழ்களின் வாயைக் கட்டிய சட்டமும் அதே ஆண்டில்தான் வந்தது என்பது எண்ணத்தக்கது. நாவையும் கையையும் ஒரே ஆண்டில் கட்டினர்.

1878-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 'ஆயுதம்' என்னும் சொல்லுக்குத் தரப்பட்ட விளக்கத்தில் துப்பாக்கி, பீரங்கி ஆகியவற்றோடு வாள், குத்துவாள், ஈட்டி, வில், அம்பு ஆகியவையும் இடம்பெற்றன. உரிமம் இன்றித் துப்பாக்கி வைத்திருப்பது குற்றமாயிற்று. ஆனால் அச்சட்டத்தோடு விலக்குப் பட்டியல் ஒன்றும் இருந்தது. ஐரோப்பியர்களுக்கும் ஆங்கிலோ இந்தியர்களுக்கும் உரிமம் தேவையில்லை. உயர்ந்த பட்டமும் பதவியும் பெற்ற இந்தியர் சிலருக்கும் விலக்கு உண்டு. மற்ற இந்தியர் அனைவரும் விண்ணப்பம் எழுதிக் காத்து நிற்க வேண்டியவர்கள்.

இவ்வேற்றுமை நம் பகுதியில் எவ்வாறு விளங்கியிருக்கும் என்று எண்ணிப் பார்ப்போம். 1877-ஆம் ஆண்டில் மன்றோ என்னும் ஆங்கிலேயர், பூஞ்சாற்று அரசரிடமிருந்து கண்ணன் தேவன் மலைகளைப் பெற்றார். திருவிதாங்கூர் எல்லைக்குள் இருந்த அம்மலைகளில் தோட்டங்கள் தோன்றின. போடியிலிருந்தும் கம்பத்திலிருந்தும் அரிசியும் ஆளும் மலையேறின. 1887 முதல் 1895 வரை பென்னிகுயிக் தலைமையில் பெரியாறு அணை கட்டப்பட்டபோது, ஆயிரக்கணக்கான தொழிலாளர் யானைக் காட்டிலும் மலேரியாவிலும் உழன்றனர். மலைத்தோட்டத்துத் துரை வேட்டைத் துப்பாக்கியோடு கீழே இறங்கி வந்தால், அவரிடம் உரிமம் கேட்கச் சட்டம் இடம் தரவில்லை. அதே காட்டின் ஓரத்தில் தினைப்புனம் காத்த உழவனின் கையில் பழந்துப்பாக்கி இருந்தால், முதற்கேள்வியே உரிமம் எங்கே என்பதுதான். புலிக்கும் யானைக்கும் இவ்விருவரிடையே வேற்றுமை தெரியாது, சட்டத்துக்குத் தெரிந்தது.

குடகும் கள்ளர் நாடும்

மேற்குத் தொடர்ச்சி மலையின் வடபால் உள்ள குடகு நாட்டை 1834-இல் ஆங்கிலேயர் தம் ஆட்சியோடு இணைத்தனர். குடகர்கள் தமக்கு உண்மையாக நடந்துகொண்டனர் என்று கருதி, 1861-ஆம் ஆண்டில் அவர்களுக்கு ஆயுதச் சட்டத்திலிருந்து விலக்கு அளித்தனர். அவ்விலக்கு இன்றும் நீடிக்கிறது. குடகர்களும் 'ஜம்மா' நிலவுரிமை உடையோரும் குறிப்பிட்ட வகைத் துப்பாக்கிகளை உரிமம் இன்றி வைத்திருக்க, 2019-ஆம் ஆண்டில் நடுவண் அரசு மேலும் பத்தாண்டுகளுக்கு, அதாவது 2029 வரை, இசைவளித்துள்ளது. துப்பாக்கி குடகர்களின் பண்பாட்டோடு கலந்தது. பிறந்தநாளிலும் இறந்தநாளிலும் அது முழங்கும். அவ்விலக்கைக் குறைகூறுவது நம் நோக்கம் அன்று. ஒரு சமூகத்தைப் பிறப்பினாலேயே நம்பத்தக்கது என்று சட்டம் கருதிய சான்றாகவே அதனைக் காட்டுகிறோம்.

இதன் மறுபக்கம் நமக்கு மிக அண்மையில் இருந்தது. காவலையே தொழிலாகக் கொண்டிருந்த பிறமலைக் கள்ளர் சமூகத்தினர் உசிலம்பட்டி, திருமங்கலம் வட்டாரங்களிலும் கம்பம் பள்ளத்தாக்கிலும் வாழ்ந்தனர், வாழ்கின்றனர். அவர்களுடைய காவல் முறை ஆட்சியாளரின் கண்ணை உறுத்தியது. 1871-ஆம் ஆண்டில் வடநாட்டுக்கென இயற்றப்பட்ட குற்றப்பழங்குடிகள் சட்டம், 1911-ஆம் ஆண்டில் விரிவாக்கப்பட்டுச் சென்னை மாகாணத்திலும் நடைமுறைக்கு வந்தது. 'ரேகைச் சட்டம்' என்று மக்கள் அதை அழைத்தனர். ஆண்மக்கள் அனைவரும் கைரேகை பதிய வேண்டும். இரவில் காவல் நிலையத்திலோ குறிப்பிட்ட இடத்திலோ தங்கியிருக்க வேண்டும். ஊர்விட்டு ஊர் செல்லச் சீட்டு வாங்க வேண்டும். பிறப்பே குற்றமாயிற்று. குடகில் பிறந்த குழந்தைக்குத் துப்பாக்கி உரிமை. கள்ளர் நாட்டில் பிறந்த குழந்தைக்குக் கைரேகைச் சுவடி.

1920-ஆம் ஆண்டின் தொடக்கத்தில், இந்தியத் தலைவர்கள் நெடுநாள் கேட்டுவந்தபடி, ஆயுத விதிகள் திருத்தப்பட்டன. வெள்ளையர் என்பதற்காகவே அளிக்கப்பட்ட விலக்கு நீக்கப்பட்டது. ஏட்டளவில் இனவேற்றுமை ஒழிந்தது. அதே ஆண்டு ஏப்ரல் 3-ஆம் நாள், ஆண்டிபட்டிக் கணவாய்க்கு அப்பால் உள்ள பெருங்காமநல்லூரில், கைரேகை பதிய மறுத்து நின்ற மக்கள் மீது காவல்துறையினர் துப்பாக்கியால் சுட்டனர். மாயக்காள் என்னும் பெண் உட்பட 16 பேர் மாண்டனர். தடியும் கல்லும் ஏந்தியோர் ஒருபுறம்; அரசின் துப்பாக்கி மறுபுறம். 1801-இல் ஆயுதத்தை வாங்கிக்கொண்டு காவல் தருவதாக ஏற்ற அரசு, 1920-இல் அம்மக்களின் வழித்தோன்றல்களுக்கு அளித்த காவல் இது.

அம்மக்களின் சார்பில் வாதிட்டவர்களுள் ஒருவரை நம் வாசகர்கள் அறிந்திருத்தல் நலம். செங்கன்னூரில் பிறந்து மதுரையில் வழக்கறிஞராக வாழ்ந்த ஜார்ஜ் ஜோசப் என்பவரே அவர். ரேகைச் சட்டத்துக்கு எதிராக வழக்காடியும் இதழ்களில் எழுதியும் உழைத்த அவரைக் கள்ளர் நாட்டு மக்கள் 'ரோசாப்பூத் துரை' என்று அன்போடு அழைத்தனர். தம் வாழ்வின் பிற்பகுதியில் அவர் கத்தோலிக்கத் திருச்சபையில் இணைந்தார். சென்னை மாகாணத்தில் 1947-ஆம் ஆண்டிலும், நாடு முழுவதும் 1952-ஆம் ஆண்டிலும் அச்சட்டம் நீக்கப்பட்டது. 1938-இல் மறைந்த ஜோசப் அதைக் காண உயிரோடு இல்லை.

உரிமையா, சலுகையா?

ஆயுதச் சட்டத்தை எதிர்க்கும் குரல் காங்கிரசின் தொடக்க நாள்களிலேயே எழுந்தது. 1887-ஆம் ஆண்டு பத்ருதீன் தியாப்ஜி தலைமையில் சென்னையில் கூடிய மூன்றாம் காங்கிரசில், அச்சட்டத்தைத் திருத்தவேண்டும் என்று தீர்மானம் நிறைவேறிற்று. அகிம்சையின் தூதரான காந்தியடிகளும் இச்சட்டத்தை எதிர்த்தார் என்பது பலருக்கு வியப்பாக இருக்கும். 1918-இல் கேடா மாவட்டத்தில் படைக்கு ஆள் திரட்டியபோது வெளியிட்ட துண்டறிக்கையில், ஆங்கில ஆட்சியின் தீச்செயல்களுள் ஒரு நாட்டினர் அனைவரையும் ஆயுதமற்றோராக்கிய இச்சட்டத்தை மிக இருண்டதாக வரலாறு கருதும் என்ற கருத்தை அவர் எழுதினார். ஆயுதத்தைத் துறப்பவனுக்கு முதலில் அதை ஏந்தும் உரிமை இருக்கவேண்டும்; பறிக்கப்பட்டவன் துறவி ஆவதில்லை என்பது அவர் உள்ளக்கிடக்கை என்று நாம் கொள்ளலாம். 1931-இல் கராச்சிக் காங்கிரஸ் வகுத்த அடிப்படை உரிமைகளின் பட்டியலில், ஒழுங்குமுறைகளுக்கு உட்பட்டு ஆயுதம் வைத்திருக்கும் உரிமையும் இடம்பெற்றது.

விடுதலைக்குப் பின்னர் என்ன நேர்ந்தது? 1948 டிசம்பரில் அரசியல் நிர்ணய சபையில் எச். வி. காமத், இவ்வுரிமையை அடிப்படை உரிமைகளுள் சேர்க்கவேண்டும் என்று திருத்தம் கொண்டுவந்தார். டாக்டர் அம்பேத்கர் அதை ஏற்கவில்லை, சபையும் ஏற்கவில்லை. 1791-ஆம் ஆண்டிலேயே தன் அரசியலமைப்பில் இவ்வுரிமையை எழுதிவைத்த அமெரிக்க நாட்டின் வழியை நாம் தேர்ந்துகொள்ளவில்லை. பிரிவினையின் குருதி உலராத நாள்கள் அவை. அம்முடிவு தவறு என்று நாம் சொல்லமாட்டோம். ஆனால் அன்றுமுதல் துப்பாக்கி என்பது குடிமகனின் உரிமையாக அன்றி, அரசு ஆராய்ந்து அளிக்கும் இசைவாகவே நிலைபெற்றது.

1959-ஆம் ஆண்டுச் சட்டம்

இன்று நடைமுறையில் உள்ள ஆயுதச் சட்டம் 1959-இல் இயற்றப்பட்டு, 1962 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. ஒரு நாட்டையே ஆயுதமற்றதாக்கும் நோக்குடைய பழைய சட்டத்தை மாற்றுவதே இதன் குறிக்கோள் என்று அப்போது அறிவிக்கப்பட்டது. வீட்டுக்கும் வேளாண்மைக்கும் மட்டுமே உரிய கருவிகள் ஆயுதம் ஆகா என்று இச்சட்டம் தெளிவாக்கியது. கைத்தடி ஊன்றி நடக்கும் முதியவருக்கு உரிமம் வேண்டாம்.

இச்சட்டத்தில் நம் பகுதி உழவர்கள் அறிந்திருக்கவேண்டிய செய்திகள் சில உண்டு. 21 வயது நிறைந்தவர் மாவட்ட ஆட்சியரிடம் விண்ணப்பிக்கலாம். காவல் நிலையத்தின் அறிக்கையைப் பெற்று ஆட்சியர் முடிவு செய்வார். 2016-ஆம் ஆண்டு விதிகளின்படி, துப்பாக்கியைப் பாதுகாப்பாகக் கையாளும் பயிற்சியும் வேண்டும். உண்மையான பயிர்ப் பாதுகாப்புக்கென வாய்வழி மருந்து கெட்டிக்கும் துப்பாக்கியைக் கேட்பவருக்கு, வேறு தடை இல்லையெனில் உரிமம் வழங்கவேண்டும் என்பதே சட்டத்தின் சொல். போதிய சொத்து இல்லை என்ற காரணம் ஒன்றைக்கொண்டே எவருக்கும் உரிமத்தை மறுக்கலாகாது என்றும் அது கூறுகிறது. மறுத்தால் காரணத்தை எழுத்தில் பதியவேண்டும். பொதுநலன் கருதிய சில வேளைகள் நீங்கலாக, கேட்டால் அதைத் தெரிவிக்கவும் வேண்டும். மேல்முறையீட்டுக்கும் வழியுண்டு.

சொத்தைப் பற்றிய அவ்வொரு வரியைப் படித்தபோது நாம் சற்றே நின்றோம். 1878-இல் நிறமும் பட்டமும் பார்த்த சட்டம், 1959-இல் ஏழையின் தேவையையும் செல்வனின் தேவையையும் ஒரே தராசில் வைக்கவேண்டும் என்கிறது. எண்பது ஆண்டுகளில் சட்டம் நடந்துவந்த தொலைவு சிறிதன்று.

அதே வேளையில் கட்டுப்பாடும் வளர்ந்தது. 1983-இல் ஒருவர் மூன்று துப்பாக்கிகளுக்கு மேல் வைத்திருக்கலாகாது என வரையறுக்கப்பட்டது. 2019-ஆம் ஆண்டுத் திருத்தம் அதை இரண்டாகக் குறைத்தது. உரிமக் காலத்தை மூன்றாண்டிலிருந்து ஐந்தாண்டாக நீட்டியது. உரிமம் இல்லாத துப்பாக்கி வைத்திருப்போருக்கான சிறைத்தண்டனை இரண்டாண்டு முதல் ஐந்தாண்டு வரை என உயர்ந்தது. உரிமம் பெற்றோர் ஒவ்வொருவருக்கும் தனி அடையாள எண் வழங்கப்பட்டு, நாடு தழுவிய பதிவேட்டில் சேர்க்கப்படுகிறது. தேர்தல் காலத்தில், மாவட்ட அளவிலான ஆய்வுக்குழு யார் யார் ஒப்படைக்கவேண்டும் என்று ஆராய்ந்து முடிவு செய்யவேண்டும் என்பது விதி. நம் திண்ணைப் பெரியவரின் துப்பாக்கி காவல் நிலையம் சென்ற வழி இதுவே.

காட்டின் ஓரம்

நம் பள்ளத்தாக்குக்கு இன்னொரு சட்டமும் சேர்ந்துகொள்கிறது. அது 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம். சரணாலயம் ஒன்றின் பத்துக் கிலோமீட்டர் சுற்றளவுக்குள் வாழும் உரிமதாரர், தம் பெயரை வனத்துறையிடமும் பதிந்துகொள்ள வேண்டும். தலைமை வன உயிரினக் காப்பாளரின் முன்னிசைவு இன்றி, அச்சுற்றளவுக்குள் புதிய உரிமம் வழங்கலாகாது. நம் நில அமைப்பை எண்ணிப் பாருங்கள். ஒருபுறம் 1978 முதல் புலிகள் காப்பகமான பெரியாற்றுக் காடு. மறுபுறம் 2021-இல் அறிவிக்கப்பட்ட ஸ்ரீவில்லிபுத்தூர்–மேகமலைப் புலிகள் காப்பகம். இரண்டுக்கும் இடையே கிடக்கும் பள்ளத்தாக்கில், பல ஊர்கள் இப்பத்துக் கிலோமீட்டர்க் கணக்குக்குள் அடங்கிவிடுகின்றன.

காட்டையும் விலங்கையும் காப்பது நம் கடமை. வேட்டைத் துப்பாக்கி இம்மலைகளில் செய்த அழிவை நாம் மறக்கவில்லை. ஆயினும் இரவில் பரண்மீது விழித்திருப்பவனின் நிலையையும் நாம் எண்ண வேண்டும். நிலக்கடலையையும் மக்காச்சோளத்தையும் பன்றிக்கூட்டம் ஒரே இரவில் கிளறிப்போடுகிறது. வாழையை யானை சாய்க்கிறது. சட்டவழி அடைபட்டதாகத் தோன்றும்போது சிலர் தீயவழியை நாடுகின்றனர். வேலியில் திருட்டு மின்சாரம் பாய்ச்சுகின்றனர், அவுட்டுக்காய் வைக்கின்றனர். அதில் பன்றி மட்டுமா சாகிறது? யானையும் சாகிறது, விடியலில் தண்ணீர் பாய்ச்ச வந்த மனிதனும் சாகிறான்.

2023-ஆம் ஆண்டு மே 27-ஆம் நாளை நம் மக்கள் எளிதில் மறக்கமாட்டார்கள். சின்னக்கானல் பகுதியில் பிடிக்கப்பட்டுப் பெரியாற்றுக் காட்டில் விடப்பட்ட அரிக்கொம்பன் என்னும் யானை, அன்று கம்பம் நகருக்குள் புகுந்தது. வீதிகள் வெறிச்சோடின, தடை உத்தரவு பிறந்தது. யானை தாக்கிக் காயமுற்ற ஒருவர் சில நாள்களில் இறந்தார். ஜூன் 5-ஆம் நாள் வனத்துறையினர் மயக்க ஊசி செலுத்தி அதைப் பிடித்துக் களக்காடு–முண்டந்துறைக் காட்டுக்குக் கொண்டுசென்றனர். அந்நாள்களில் எந்த வீட்டுத் துப்பாக்கியும் உதவியிருக்க முடியாது, உதவியிருக்கவும் கூடாது. பயிற்சி பெற்ற கைகளும் பொறுமையும் கருவிகளும் கொண்ட பொதுக்காவலே அன்று தேவைப்பட்டது. அது வந்தது, ஓர் உயிர் போன பின்னரே முழுமையாக வந்தது.

காட்டுப்பன்றியைப் பொறுத்தவரை, மலைக்கு அப்பால் குமுளியில் ஒரு விதி, இப்பால் கூடலூரில் ஒரு விதி. கேரள அரசு 2022-ஆம் ஆண்டில், பயிரை அழிக்கும் பன்றிகளைச் சுட உரிமம் பெற்ற துப்பாக்கியாளர்களுக்கு ஆணையிடும் அதிகாரத்தை உள்ளாட்சித் தலைவர்களிடம் அளித்தது. தமிழக அரசு 2025 ஜனவரியில் வேறுவழியைத் தேர்ந்தது. காப்புக்காட்டிலிருந்து ஒரு கிலோமீட்டருக்குள் சுடலாகாது. ஒன்று முதல் மூன்று கிலோமீட்டர் வரை பிடித்துக் காட்டில் விடவேண்டும். அதற்கு அப்பால் பயிற்சி பெற்ற வனத்துறையினரே சுடலாம். அண்டை மாநிலம் குடிமகனின் துப்பாக்கியை நம்புகிறது. நம் மாநிலம் அலுவலரின் துப்பாக்கியை நம்புகிறது. இரண்டாவது வழி பாதுகாப்பானது என்றே நாம் கருதுகிறோம், ஆனால் ஒரு நிபந்தனையோடு. அழைத்தால் அலுவலர் வரவேண்டும். அழிந்த பயிருக்கான இழப்பீடு அடுத்த விதைப்புக்கு முன் கைக்கு வரவேண்டும்.

கடல் கடந்த ஒரு பாடம்

தென்னமெரிக்க நாடான பிரேசில் 2003-ஆம் ஆண்டில் கடுமையான ஆயுதக் கட்டுப்பாட்டுச் சட்டம் ஒன்றை இயற்றியது. துப்பாக்கி விற்பனையை அறவே தடைசெய்யலாமா என்று 2005 அக்டோபர் 23-ஆம் நாள் மக்களிடமே கேட்டது. துப்பாக்கிச் சாவுகளால் நெடுங்காலம் அல்லலுற்ற அந்நாட்டில், ஏறத்தாழ 64 விழுக்காட்டினர் தடை வேண்டாம் என்றனர். காவலர் நம்மைக் காப்பார் என்ற நம்பிக்கை இல்லாதபோது எதை நம்பி ஆயுதத்தை விடுவது என்பதே அவர்களுள் பலரது கேள்வியாக இருந்தது. 2019 முதல் அங்கே விதிகள் தளர்த்தப்பட்டன. 2023-இல் மீண்டும் இறுக்கப்பட்டன. மக்கள் ஆயுதத்தை நாடுவதைச் சட்டம் மட்டுமே தடுத்துவிடாது என்பதை அந்நாட்டு அனுபவம் காட்டுகிறது.

நம் நாட்டில், நம் பள்ளத்தாக்கில், வீட்டுக்கு வீடு துப்பாக்கி இல்லை என்பது ஒரு பெரும்பேறு. சாதிப் பூசலோ குடும்பச் சண்டையோ எழும் இரவில், சுவரில் ஒரு துப்பாக்கி தொங்காதிருப்பது எத்தனை உயிரைக் காத்திருக்கும்! இந்நிலை நீடிக்கவேண்டும் என்றே நாம் விழைகிறோம். அது நீடிக்கவேண்டுமானால், 1801-இன் எழுதப்படாத உடன்படிக்கை காக்கப்படவேண்டும். ஆயுதத்தை வாங்கிக்கொண்ட கை காவலைத் தரவேண்டும். விண்ணப்பத்துக்குக் காலத்தில் விடையும், மறுப்புக்குக் காரணமும், காட்டோரத்து உழவனுக்குத் துணையும் அளிக்கவேண்டும்.

நம்மிடமும் ஒரு கேள்வி எஞ்சுகிறது. ஒரு சமூகத்தையே பிறவிக் குற்றவாளிகள் என்று சட்டத்தில் எழுதியது அந்நிய அரசு. அதை நம்பி, கள்ளர் நாட்டுப் பிள்ளையைக் கண்டதும் கதவைத் தாழிட்டவர்கள் அக்கம்பக்கத்தாராகிய நாமே. சட்டம் 1947-இல் போயிற்று. அந்தப் பார்வை நம் நெஞ்சிலிருந்து என்று போயிற்று? முழுதும் போயிற்றா? யாரை நம்புவது என்பதைப் பிறப்பைக் கொண்டு முடிவு செய்யும் பழக்கம், ஆட்சியரின் அலுவலகத்தில் மட்டும் குடியிருப்பதில்லை. பெண் கொடுக்கும்போதும், வீடு வாடகைக்கு விடும்போதும், வேலைக்கு ஆள் வைக்கும்போதும் நாமும் ஓர் உரிமப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டுதான் அமர்ந்திருக்கிறோம்.

தேர்தல் முடிந்து சில வாரங்களுக்குப் பின் மீண்டும் அவ்வழியே சென்றோம். பெரியவர் திண்ணையில் இருந்தார். துப்பாக்கி வந்துவிட்டதா என்று கேட்டோம். வந்துவிட்டது என்று தலையசைத்தார். பின்னர், அதைத் தூக்கும் வலு தமக்கு இப்போது இல்லை என்றும், மகன் வெளியூரில் வேலை பார்ப்பதால் அதை அரசிடமே திருப்பிக் கொடுத்துவிட எண்ணியிருப்பதாகவும் சொன்னார். "பன்னி வந்தா யாராச்சும் வருவாங்களா, அதை மட்டும் கேட்டுச் சொல்லுங்க தம்பி" என்றார்.

அவர் ஆயுதத்தைத் தாமாகவே கொடுக்க அணியமாயிருக்கிறார். அவர் கேட்டதற்கு விடை சொல்ல வேண்டியவர்கள் இன்னும் வரவில்லை.